கண்டங்கத்தரிப் புகையில் விழுந்த புழு

இதை எழுதலாமா வேண்டாமா என்று நான் தயங்கியதிலேயே பல வருஷம் போய்விட்டது. பேனாவை எடுப்பேன், ஆண்டவரே வேண்டாம் என்று வைத்துவிடுவேன். எட்டாவது வரை படித்தவள் நான். எழுத வராது என்பது ஒரு காரணம். அதைவிடப் பெரிய காரணம், இதில் வரும் ஒரு தாயைப் பற்றி ஊரில் இரண்டு விதமான பொய் உலவுகிறது. நானும் எழுதி அது மூன்றாவது பொய்யாகப் போய்விடுமோ என்று பயந்தேன்.

நான் இருந்த பல் கிளினிக்கில் இப்போது வேலை பார்க்கும் பெண்கள் கோயிலில் என்னைப் பார்த்தால் விட மாட்டார்கள். "மேரியக்கா, ஒங்க காலத்துல பல்லுல இருந்து புழு எடுப்பாங்களாமே, நெசமா?" என்பார்கள். போன மாதம் பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஒருவன் துணிக் கூடாரம் போட்டு, பல்லுக்குப் புகை கொடுத்துக்கொண்டிருந்தான். ஒரு தாய் கன்னம் வீங்கிய பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வரிசையில் நின்றாள். அவளிடம் போய் என்னால் முடிந்ததைச் சொல்லி, பிள்ளையைக் கிளினிக்குக்கு அனுப்பிவிட்டு வீட்டுக்கு வந்தேன். அன்றைக்குச் செபமாலை சொல்லி முடித்ததும் எழுதத் தொடங்கினேன்.

என் பெயர் ஆரோக்கியமேரி. என் வீட்டுக்காரர் பூட்டுப் பட்டறையில் அரம் பிடித்தவர். கண் மங்கிப்போய் அவர் வேலையை விட்ட வருஷம்தான், திண்டுக்கல்லில் ஒரு பல் ஆஸ்பத்திரிக்கு நான் கூட்டிப் பெருக்கப் போனேன். தொண்ணூறு, தொண்ணூற்றொன்று இருக்கும். கொஞ்ச நாளில் டாக்டரம்மா என் கையில் இருந்த துடைப்பத்தை வாங்கி ஓரமாக வைத்துவிட்டு, "நீ தலை பிடி மேரி, ஒனக்குக் கை நடுங்கல" என்றார். அதுதான் என் படிப்பு, அதுதான் என் வேலை. ரிட்டையர் ஆகும்வரை தலை பிடித்தேன்.

தலை பிடிப்பது என்றால் லேசாக நினைத்துவிடாதீர்கள். கீழ்க் கடைவாய்ப் பல்லைப் பிடுங்கும்போது தாடை ஆடக் கூடாது. இடது உள்ளங்கையைத் தாடைக்கு அடியில் கொடுத்து, வலது கையால் நெற்றியை என் நெஞ்சோடு சேர்த்துப் பிடிக்க வேண்டும். இறுக்கினால் பயந்துவிடுவார்கள், தளர்த்தினால் குறடு வழுக்கிவிடும். சொத்தைப் பல்லை அடைப்பதற்கு மருந்து குழைப்பதும் நான்தான். வெள்ளைப் பொடியில் கிராம்புத் தைலத்தைச் சொட்டுச் சொட்டாக விட்டு, கண்ணாடித் தகட்டின் மேல் அரைக்க வேண்டும். கரண்டியைத் தூக்கினால் நூல் போல எழும்பி நிற்கவேண்டும். அறுந்து விழுந்தால் டாக்டரம்மா தகட்டைத் தள்ளி வைத்துவிட்டுக் காத்திருப்பார். நான் திரும்பக் குழைப்பேன்.

டாக்டரம்மாவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். எந்த நோயாளியிடமும் "வலிக்காது" என்று அவர் சொன்னதே இல்லை. "வலிக்கும். கொஞ்ச நேரம். நான் எப்ப வலிக்கும்னு சொல்லிட்டுத்தான் தொடுவேன்" என்பார். சொன்னபடியே செய்வார். பிடுங்கிய பல்லை நோயாளிக்குக் காட்டாமல் எறிய மாட்டார். "ஒங்க பல்லு, ஒங்களுக்குத் தெரியணும்ல" என்பார். வேடசந்தூர், குஜிலியம்பாறைப் பக்கத்து சனங்களுக்கு அவர்மேல் நம்பிக்கை வந்ததே அதனால்தான்.

அந்தப் பக்கத்தில் இருந்து வருகிறவர்கள் நாற்காலியில் உட்கார்ந்ததும் முதலில் சொல்வது ஒன்றுதான்: "புழு எடுத்தாச்சு தாயி, இருந்தும் வலிக்குது."

கண்டங்கத்தரியை நீங்கள் பார்த்திருப்பீர்கள். கத்தரிக்காய்ச் சாதிதான். ஆனால் தரையோடு படர்ந்து கிடக்கும். தண்டில் முள், இலையின் மேலே முள், அடியிலும் முள். பூ ஊதாவாக அழகாக இருக்கும். காய் கோலிக்குண்டு மாதிரி, பச்சை வரி ஓடி, பழுத்தால் மஞ்சளாகிவிடும். மழை பொய்த்து மற்றதெல்லாம் காய்ந்து சருகானாலும் குஜிலியம்பாறைக் காட்டில் அது மட்டும் பச்சையாகக் கிடக்கும். ஆடு வாய் வைக்காது. அதன் வேரும் காயும் நெஞ்சுச் சளிக்கு மருந்து என்று நாட்டு வைத்தியர்கள் சொல்வார்கள். அதைப் பற்றி நான் குறை சொல்ல வரவில்லை.

பல்லுக்குப் புகை கொடுப்பது இப்படி. மண் சட்டியில் தண்ணீர் ஊற்றி நடுவில் ஒரு செங்கல் துண்டை வைப்பார்கள். அதன்மேல் உடைந்த மண்வெட்டித் தகட்டைப் பழுக்கக் காய்ச்சி வைப்பார்கள். காய்ந்த கண்டங்கத்தரி விதையை நல்லெண்ணெயில் பிசறி அதன்மேல் ஒரு சிட்டிகை போட்டால் படபடவென்று வெடித்துப் புகை எழும்பும். வலிக்காரர் சட்டிக்கு மேலே குனிந்து, துண்டைப் போர்த்திக்கொண்டு, வாயைத் திறந்து புகையை வாங்கவேண்டும். எச்சில் வழிந்து தண்ணீரில் விழும். புகை அடங்கியதும் துண்டை விலக்கினால், தண்ணீரில் வெள்ளை வெள்ளையாகப் புழு மிதக்கும். பல்லைத் தின்ற புழு.

நானும் சிறுவயதில் அந்தப் புகையை வாங்கியவள்தான். என் புழுவை நானே பார்த்தேன். வலியும் அன்றைக்குக் குறைந்தது. மாதா கோயிலில் மெழுகுவத்தி ஏற்றி நன்றி சொன்னேன். ஆகவே பல் ஆஸ்பத்திரியில் வேலை பார்த்தபோதும் புழுவை நான் நம்பினேன். டாக்டரம்மா நம்பவில்லை. ஆனால் சனங்களைக் கேலி செய்யவும் மாட்டார். "எம்புட்டுப் புழு விழுந்துச்சு?" என்று கேட்பார். "நெறைய தாயி." "சரி, மிச்சம் மீதிய நான் பாக்குறேன், வாயத் தொறங்க." அவர்கள் போனபிறகு என்னிடம், "துண்டுக்குள்ள எங்கயோ ஒளிச்சு வச்சுப் போடுறாங்க மேரி. கை வேகம்" என்பார். அவர் நினைத்ததும் தப்பு, நான் நினைத்ததும் தப்பு என்று பிறகுதான் தெரிந்தது.

அந்தப் பக்கத்திலேயே பெரிய கை என்றால் வெள்ளையம்மாள்தான். செவ்வாயும் வெள்ளியும் புகை கொடுப்பாள். காசு கையால் தொட மாட்டாள். வெற்றிலை பாக்கு வைத்தால் அதையும் சாமிக்கு வைத்துவிடுவாள். பெயரைக் கேள்விப்பட்டிருந்தேன், ஆளைப் பார்த்ததில்லை. தொண்ணூறுகளின் கடைசியில் ஒருநாள் காலையில், கிளினிக்கைத் திறந்து விளக்குப் போட்டுக்கொண்டிருந்தபோது அவள் வந்தாள். கூட அவள் மகன் தங்கராசு. மினி லாரி ஓட்டுகிறவன், கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை.

அவனுக்கு வீக்கத்தில் முகம் தெரியவில்லை. தாடையும் கழுத்தும் ஒன்றாகிவிட்டது. முன்னால் குனிந்து, இரண்டு கையையும் முட்டியில் ஊன்றி உட்கார்ந்தான். எச்சில் தானாக ஒழுகியது. பேச்சு, வாயில் சூடான சோற்றை வைத்துக்கொண்டு பேசுவது போல வந்தது.

வழக்கம்போலத் தாடைக்கு அடியில் கை கொடுத்தேன். பலகையைத் தொட்டது மாதிரி இருந்தது. சதை இல்லை, பலகை. டாக்டரம்மா வந்து வாயைத் திறக்கச் சொன்னார். ஒரு விரல் நுழையும் அளவுக்குத்தான் திறந்தான். நாக்கு மேலே தூக்கிக்கொண்டு நின்றது. டாக்டரம்மா கையில் இருந்த கண்ணாடியைக் கீழே வைத்தார். அவர் முகம் அப்படி மாறி நான் பார்த்ததில்லை.

"கடைவாய்ப் பல்லு சீழு கழுத்துக்கு எறங்கிருச்சு. இங்க ஒண்ணும் செய்ய முடியாது. மதுரைக்குப் போகணும், இப்பவே. காரு நான் வரச் சொல்றேன்."

"அங்க என்ன தாயி செய்வாக?"

டாக்டரம்மாவுக்குப் பொய் வராது. "கழுத்துல கீறி சீழ வெளிய எடுப்பாங்க. மூச்சு அடைச்சா தொண்டையில ஒரு ஓட்டை போடுவாங்க. போடலைன்னா பொழைக்க மாட்டான்."

"தொண்டையில ஓட்டையா!" வெள்ளையம்மாள் மகனை இழுத்து அணைத்துக்கொண்டாள். "எம்பிள்ளைக்கு ஒண்ணுமில்ல. மூணு தடவ பொகை குடுத்துட்டேன். கொத்துக் கொத்தா விழுந்துச்சு. மிச்சம் கொஞ்சம் கெடக்கு, அதான் வீங்கியிருக்கு. இன்னும் ஒரே ஒரு பொகை. அம்புட்டும் வந்துரும்."

"அம்மா, நேரம் இல்ல."

"எத்தன சனத்துக்கு எடுத்தவ தாயி நான். எம்பிள்ளைக்கு எடுக்க மாட்டேனா?"

டாக்டரம்மா தங்கராசுவைப் பார்த்தார். "தம்பி, நீ சொல்லு. போவமா?" அவன் பேச முடியாமல் விரலைத் தூக்கித் தன் தாயைக் காட்டினான். ஆத்தா சொன்னால் போகிறேன் என்று அர்த்தம். கண்ணில் பயம்.

டாக்டரம்மா டெலிபோனைச் சுழற்றினார். கார் ஸ்டாண்டில் வண்டி இல்லை, செத்த நேரம் ஆகும் என்றார்கள். நான் திரும்பிப் பார்த்தபோது வெள்ளையம்மாள் உள்ளே இல்லை. பக்கத்து டீக்கடை பாயிடம் நெருப்புக் கங்கு கேட்டுக்கொண்டிருந்தாள். கையில் இருந்த மூட்டையில் சட்டி, செங்கல் துண்டு, தகடு, விதை எல்லாம் கொண்டே வந்திருக்கிறாள்.

"என்னத்தா, ஆஸ்பத்திரி வாசல்லயே வைத்தியமா? டாக்டரம்மா எனக்குச் சீட்டக் கிழிச்சிருவாங்க" என்றார் பாய். அவளுடைய முகத்தைப் பார்த்ததும் பேச்சை நிறுத்திவிட்டு, தகட்டை வாங்கித் தன் அடுப்பிலேயே செருகினார்.

கிளினிக்கின் பின்தாழ்வாரத்தில் சட்டியை வைத்துத் தண்ணீர் ஊற்றினாள். தகடு சிவந்து வந்தது. மகனைத் தோளைப் பிடித்துக் கொண்டுவந்து உட்காரவைத்தாள். நான் தடுக்கவில்லை. அவள் தாய். நான் மனசுக்குள் அருள் நிறைந்த மரியே சொல்லிக்கொண்டு சட்டிக்கு எதிரே உட்கார்ந்தேன்.

அவள் விதையைத் தகட்டில் போட்டதும் டாக்டரம்மா ஓடிவந்தார். "அம்மா, அவனுக்கு மூச்சே இல்ல! பொகைய விட்டா இங்கயே செத்துருவான்!" என்று கத்தினார். அவர் கத்தி நான் கேட்டது அன்றைக்கு ஒரு நாள்தான். தங்கராசுவின் இரண்டு அக்குளிலும் கை கொடுத்து அப்படியே பின்னால் இழுத்து, உள்ளே கொண்டுபோய்விட்டார். அவன் தலை சட்டிக்கு மேலே வரவே இல்லை. துண்டு வெள்ளையம்மாளின் கையிலேயே இருந்தது.

விதை வெடித்தது. புகை எழும்பியது. நானும் அவளும் சட்டிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தோம். யாரும் வாய் திறக்கவில்லை, யாரும் குனியவில்லை. புகை அடங்கியது.

தண்ணீரில் புழு மிதந்தது.

நான் பார்த்தேன். அவளும் பார்த்தாள். வெள்ளையாக, வளைந்து, ஒவ்வொன்றாக. நான் சின்னப் பிள்ளையில் பார்த்த அதே புழு. சிலுவை போடக் கையைத் தூக்கினேன், கை நெற்றிவரை வந்து நின்றுவிட்டது.

வெள்ளையம்மாள் சட்டித் தண்ணீரைச் சாக்கடையில் கொட்டினாள். குழாயைத் திறந்து சட்டியைக் கழுவிக் கழுவி, புதுத் தண்ணீர் பிடித்து, வெளிச்சத்தில் காட்டிப் பார்த்தாள். சுத்தமாக இருந்தது. தகட்டை எடுத்துக்கொண்டு தானே பாய் அடுப்புக்குப் போய்ச் சிவக்க வைத்து எடுத்துவந்தாள்.

"தள்ளிக்க தாயி. ஒன் வாயும் வேணாம்" என்றாள் என்னிடம். நான் சுவரோரம் போனேன். அவள் முந்தானையை எடுத்துத் தன் வாயையும் மூக்கையும் சுற்றிக் கட்டினாள். கையை நீட்டி எட்ட இருந்தபடியே ஒரு சிட்டிகை விதையைப் போட்டாள்.

திரும்பவும் வெடித்தது. திரும்பவும் புழு.

முந்தானையைக் கீழே இறக்கினாள். "இது வெதையில இருந்துல்ல வருது" என்றாள். சத்தமே வரவில்லை, உதடுதான் அசைந்தது. "வெதையில இருந்துல்ல வருது..."

வெளியே கார் வந்து ஒலி எழுப்பியது. அவள் எழுந்தாள். உள்ளே போய் மகனின் கையைப் பிடித்தாள். "எந்திரி அப்பு. டாக்டரு எங்க அறுத்தாலும் அறுக்கட்டும். ஆத்தா சொல்றேன், ஏறு."

டாக்டரம்மா அவனோடு முன்னால் உட்கார்ந்து, அவன் சாயாமல் தோளைப் பிடித்துக்கொண்டார். பின்னால் நாங்கள் இருவர். அவன் மூச்சு இழுக்கும் சத்தம் வண்டிச் சத்தத்தையும் மீறிக் கேட்டது. சின்னாளப்பட்டி தாண்டியதும் வெள்ளையம்மாள் என்னைப் பார்க்காமல், ஜன்னலைப் பார்த்துச் சொன்னாள்.

"போன வருசம் எங்கூருப் பிள்ளை ஒண்ணுக்கு எடுத்தேன் தாயி. பள்ளிக்கொடத்துக்குப் போற பிள்ளை. இப்படியேதான் கழுத்து வீங்குச்சு. டவுனுக்குக் கொண்டு போறேன்னாக. நாந்தான் வேணாம்னேன். செத்துப்போச்சு. புழு மூளைக்கு ஏறிருச்சுன்னு அவுகளுக்குச் சொன்னேன்." திரும்பவும், "நாந்தான சொன்னேன்" என்றாள்.

பையில் இருந்த செபமாலையை எடுத்தேன். அவள் வேறு சாமி கும்பிடுகிறவள். இருந்தாலும் அதன் ஒரு நுனியை இறுகப் பிடித்துக்கொண்டாள். மதுரைவரை விடவில்லை.

தங்கராசு பிழைத்தான். தொண்டையில் ஓட்டை போட்டார்கள். கழுத்தில் இரண்டு பக்கமும் கீறிச் சீழ் எடுத்தார்கள். அந்தப் பல்லையும் எடுத்தார்கள். இன்னும் கொஞ்சம் தாமதித்திருந்தால் வழியிலேயே முடிந்திருக்கும் என்று அங்கிருந்த டாக்டர் சொன்னார். ஆண்டவருக்கு ஸ்தோத்திரம்.

மறுநாள் கிளினிக்கில், பின்தாழ்வாரத்தில் நடந்ததை நான் சொன்னதும், அவள் விட்டுப்போன மூட்டையைப் பிரித்து டாக்டரம்மா ஒரு விதையை எடுத்துத் தண்ணீரில் ஊறப்போட்டார். விளக்கைக் கிட்டே இழுத்து, பல் குத்தும் ஊசியால் தோலை மெல்லக் கீறினார். உள்ளே வெள்ளை நூல் சுருண்டு கிடந்தது. ஊசி நுனியில் எடுத்தார். புழுவேதான். "முளை மேரி. செடியாகப் போற முளை. சூடு பட்டதும் தோல் வெடிச்சு வெளிய தெறிக்குது" என்றார். பிறகு நாற்காலியில், நோயாளி உட்காரும் நாற்காலியில், உட்கார்ந்துவிட்டார். "நான் இம்புட்டு வருசமா அவங்களத் திருடங்கன்னு நெனச்சேன்டி. அவங்க ஒருத்தர்கூடப் பொய் சொல்லல" என்றார்.

எனக்கு வேறு கவலை. சிறுவயதில் அன்றைக்கு மாதாவுக்கு நான் நன்றி சொன்னது எதற்கு, ஒரு விதை முளைக்கா? பல நாள் அழுதேன். பிறகு மனசு தெளிந்தது. வலி குறைந்தது நிஜம். அதற்குத்தான் நன்றி சொன்னேன், புழுவுக்கு இல்லை.

தங்கராசு தேறிய பிறகு கழுத்துத் தழும்போடு எங்களைப் பார்க்க வருவான். ஊரில் நடந்ததை அவன் சொல்லித்தான் தெரியும். முதல் வேலையாக வெள்ளையம்மாள் அந்தச் செத்துப்போன பிள்ளை வீட்டுக்குப் போய், களத்தில் நின்றபடி எல்லாவற்றையும் சொல்லியிருக்கிறாள். பிள்ளையின் தாய் கேட்டுக்கொண்டே நின்றாளாம். குடிக்கத் தண்ணீர் கொடுத்தாளாம். குடித்து முடித்ததும், "இனிமே இந்தப் பக்கம் வராத" என்றாளாம்.

அதன்பிறகும் செவ்வாய், வெள்ளிகளில் வெள்ளையம்மாள் சட்டியை வைத்தாள். வந்தவர்களை எட்ட நிற்கவைத்து, யாரும் வாய் வைக்காமல் விதையைப் போட்டுக் காட்டினாள். "பாத்துக்கங்க. இது பல்லுப் புழு இல்ல. டவுனுக்குப் போங்க" என்றாள்.

சனங்கள் நம்பவில்லை. "காத்துலயே புழு கெடக்கும்த்தா" என்றார் ஒருவர். "நீ குனிஞ்சு பாத்தேல்ல, ஒன் வாயில இருந்து விழுந்திருக்கும்" என்று இன்னொருவர் சொல்லவும் எல்லாரும் சிரித்தார்களாம். "மகனுக்குக் கத்தி பட்டதும் இவளுக்குக் கைராசி போயிருச்சு, அதான் உளறுறா" என்று கிழக்குத் தெருக்காரர்கள் வேறு ஆளைத் தேடிப் போனார்கள். நம்பிய கொஞ்சம் பேர் வேறு மாதிரி பேசினார்கள். இத்தனை காலமாக முந்தானைக்குள் புழுவை வைத்துக்கொண்டு ஏமாற்றினாள், டாக்டரம்மா கையும் களவுமாகப் பிடித்துவிட்டார் என்றார்கள். அவளை அசிங்கப்படுத்த வீட்டு வாசலில் சாணியைக் கரைத்து ஊற்றியிருக்கிறார்கள்.

இருந்தும் அவள் நிறுத்தவில்லை. அவ்வப்போது ஒருவர் இருவர் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு எங்கள் கிளினிக் வாசலில் வந்து நிற்பார்கள். "வெள்ளையம்மா அனுப்புச்சு" என்பார்கள். டாக்டரம்மா அவர்களை வரிசையில் நிற்கவைக்காமல் முதலில் கூப்பிடுவார். நான் தலை பிடிப்பேன். அப்படி வந்த பிள்ளைகளில் எத்தனை பேர் கழுத்து வீங்காமல் தப்பினார்கள் என்பது ஆண்டவருக்குத்தான் தெரியும்.

வெள்ளையம்மாள் இறந்துவிட்டாள். எழவுக்குப் போயிருந்தேன். அங்கேயும் ஒருவர் என் காதருகில், "பல்லுப் புழு போட்டு ஏமாத்துனது இதுதானக்கா?" என்று கேட்டார். பிணத்தை வைத்துக்கொண்டு சண்டை போட முடியாமல் வந்துவிட்டேன்.

இதைப் படிக்கிறவர்களிடம் கையெடுத்துக் கும்பிட்டுக் கேட்கிறேன். பல் வலியோடு இருக்கும் யாருக்கும் இதைச் சொல்லுங்கள். ஆனால் டாக்டரம்மாவைக் கெட்டிக்காரி ஆக்கவேண்டாம், கையும் களவுமாக அவர் யாரையும் பிடிக்கவில்லை. என்னையும் பெரிதாக்கவேண்டாம், நான் சுவரோரம் நின்றேன். அந்தப் பிள்ளை செத்ததை மறைக்கவும் வேண்டாம், அவளே அதை மறைக்கவில்லை. முதல் தடவை புழு விழுந்ததும் அவள் அதைக் கொட்டிவிட்டு, ஒன்றும் பார்க்காதவள் போல இருந்திருக்கலாம். நானும் வாய் திறந்திருக்க மாட்டேன். அவள்தான் சட்டியைக் கழுவி, தன் வாயைக் கட்டிக்கொண்டு, இரண்டாவது தடவையும் விதையைப் போட்டாள். அதை மட்டும் யாரும் மாற்றிச் சொல்லிவிடாதீர்கள்.